பேரும் இலக்கமும்

துன்பம் கலையாவது புதிதன்று. அழுகையை மெய்ப்பாடுகள் எட்டனுள் ஒன்றாகத் தொல்காப்பியர் வகுத்தார். அது இழிவு, இழப்பு, தளர்ச்சி, வறுமை ஆகிய நான்கினின்றும் பிறக்கும் என்றுங் காட்டினார். ஒப்பாரி பாடும் பெண்ணும், கூத்தில் அழும் வேடதாரியும், காப்பியம் பாடிய புலவரும் இந்த நான்கையே வெவ்வேறு வகையிற் கையாண்டு வந்துள்ளனர். ஆயினும் இவர்கள் யாவரிடத்தும் ஒரு பொதுமை உண்டு. அழுகையைக் காட்டும் உடல் பாடுபவருடையதாகவோ ஆடுபவருடையதாகவோ இருந்தது. கண்ணகியின் துயரைக் காட்டுவதற்காக, கணவனை இழந்த ஒரு பெண்ணை அழைத்துவந்து அவையின் நடுவே எவரும் நிறுத்தியதில்லை.

இக்காலக் கலையின் ஒரு பிரிவு அதனைச் செய்கின்றது. ஆற்றுகை, பொருள்களை ஓரிடத்தில் அமைத்துக் காட்டும் நிறுவற்கலை, வீடியோ என்பன கடந்த அரை நூற்றாண்டில் ஓவியத்துக்கும் சிற்பத்துக்கும் பக்கத்தே இடம்பிடித்துக் கொண்டன. இவற்றிற் கலைஞன் வண்ணத்தையும் கல்லையும் விட்டு, உயிருள்ள மனிதரையே ஊடகமாகக் கொள்ளும் வாய்ப்பைப் பெற்றான். அந்த மனிதர் நடிகரல்லர். அவர் தம் வாழ்வையே அங்கு கொண்டுவருகின்றார். இங்கே அழகியலுக்கு உரிய வினாவன்றி ஒழுக்கவியலுக்கு உரிய வினாவே முதலில் எழுகின்றது: பிறர்பட்ட துன்பத்தை ஊடகமாக்கும் உரிமை ஒருவருக்கு எதனால் வருகின்றது?

இவ்வினாவை மிகக் கூர்மையாக எழுப்பியவர்களுள் ஒருவர் போலந்து நாட்டுக் கலைஞர் ஆர்த்தூர் ஜ்மியெவ்ஸ்கி. 1966இல் வார்சோவிற் பிறந்தவர்; அந்நகரின் நுண்கலைக் கழகத்திற் பயின்றவர்; 2005இல் வெனிஸ் ஈராண்டுக் கண்காட்சியிற் போலந்தின் சார்பிற் பங்குபற்றியவர். காது கேளாத பிள்ளைகளைக் கொண்டு தேவாலயத்திற் பாடல் பாடுவித்தமை, கூலி வேலை செய்யும் மனிதர்களை நாள் முழுவதும் கமராவுடன் பின்தொடர்ந்தமை என அவர் செய்தவை பல. அவற்றுள் 2004இல் அவர் எடுத்த ஒரு குறும்படம் இங்கு முதன்மையானது. அதன் பெயர் வெறும் ஓர் இலக்கம்: 80064.

அவுஸ்விட்ஸ் வதைமுகாமிலிருந்து உயிர்தப்பிய யூசெஃப் தர்னாவா என்பவரின் கையிற் பச்சை குத்தப்பட்ட இலக்கம் அது. படம் எடுக்கப்பட்டபோது அவருக்கு வயது 92. இலக்கம் காலத்தால் மங்கியிருந்தது. பச்சை குத்தும் கடையொன்றுக்கு அவரை அழைத்துச் சென்ற கலைஞர், அந்த இலக்கத்தை மறுபடியுங் குத்திப் புதுப்பித்துக்கொள்ளுமாறு கேட்கின்றார். முன்னர் உடன்பட்டிருந்த முதியவர் கடைக்கு வந்தபின் தயங்குகின்றார். புதுப்பித்தால் அது உண்மையான இலக்கமாக இராதே என்பது அவரது தயக்கத்தின் சாரம். கலைஞரோ முன்னைய உடன்பாட்டை நினைவூட்டி விடாது வற்புறுத்துகின்றார். ஈற்றில் முதியவர் இணங்குகின்றார், ஊசி இறங்குகின்றது. அச்செயலால் நினைவின் கதவு திறக்கும், அடங்கிக் கிடந்த கடந்தகாலம் பீறிட்டு எழும் எனத் தாம் எதிர்பார்த்ததாகவும் அவ்வாறு எதுவும் நிகழவில்லை எனவும் ஜ்மியெவ்ஸ்கி பின்னர் எழுதினார்.

இப்படத்தை வெறுங் கொடுமை எனத் தள்ளிவிடுதல் எளிது. பலர் அவ்வாறே தள்ளினர். ஆயினும் இதன் சார்பிற் சொல்லத்தக்க வாதம் அற்பமானதன்று. இலக்கத்தை முதலிற் குத்தியவர்கள் அவரிடம் உடன்பாடு கேட்கவில்லை, இக்கலைஞர் கேட்டார். நினைவுச் சின்னங்களாகவும் ஆண்டு விழாக்களாகவும் உறைந்துபோன ஒரு கொடுமை, இங்கே ஒரு மனிதரின் தோலில் மீண்டும் நோவாகின்றது. பார்ப்பவர் வசதியாக அழுதுவிட்டு வீடு திரும்ப முடியாது. மேலும், அதிகாரத்துக்கு மனிதன் எவ்வாறு அடிபணிகின்றான் என்பதை இப்படம் பேசவில்லை, செய்தே காட்டுகின்றது. பார்ப்பவரின் கண்முன்னே ஒருவர் மறுக்கின்றார், வற்புறுத்தப்படுகின்றார், பணிகின்றார்.

இங்கேதான் சிக்கல் உள்ளது. மனிதரை ஒருபோதும் கருவியாக மட்டும் கொள்ளலாகாது என்ற காண்டின் கோட்பாட்டில் 'மட்டும்' என்ற சொல்லே உயிரானது. பிறரைக் கருவியாகக் கொள்ளாமல் உலகில் எவரும் ஒருநாட் பொழுதையும் கழிக்க இயலாது. பேருந்துச் சாரதியும் ஆசிரியரும் சமையற்காரரும் ஒருவகையிற் கருவிகளே. ஒருவர் கருவியாக இருக்கும்போதே தம் நோக்கத்தையும் கொண்டிருக்க அங்கு இடம் உண்டா என்பதே வினா. தர்னாவாவுக்கு அவ்விடம் இருந்ததா? அவர் 'ஆம்' என்றார் என்பது மட்டும் விடையாகாது. 'இல்லை' என்றதும் அச்சொல்லுக்கு என்ன நேர்ந்தது என்பதையே பார்க்கவேண்டும். 80064 என்ற படத்தில் 'இல்லை' தோற்றது. ஆயின் அது அழிக்கப்படவில்லை. படத்தொகுப்பின்போது அத்தயக்கத்தை வெட்டி எறிந்திருக்கலாம்; கலைஞர் எறியவில்லை. தமக்கு எதிரான சான்றைத் தாமே படத்துள் வைத்துவிட்டார். அப்படத்தின் நேர்மை அவ்வளவே. அந்நேர்மை அச்செயலை நியாயப்படுத்தாது.

பச்சை குத்தும் ஒரு கடையில் நிகழ்ந்தது மலையகத்துக்கு எவ்வகையில் உரியது என வினவலாம். உடலில் இலக்கம் சுமந்த மக்கள் மலையகத்திலும் இருந்தனர் என்பதே முதல் விடை. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இலங்கைத் தோட்டங்களுக்குத் தமிழகத்திலிருந்து ஆட்சேர்க்கப்பட்டோருக்குத் தகர வில்லைகள் வழங்கப்பட்டன. எத்தோட்டத்துக்குரியவர், அவருடைய இலக்கம் யாது என்பன அதிற் பொறிக்கப்பட்டிருந்தன. வில்லை உள்ளவரின் பயணச் செலவு உரிய தோட்டத்தின் கணக்கிற் சேரும். அதற்கு முன்னரே தொடங்கிய துண்டு முறையோ கடனை ஆளோடு பிணைத்தது. துண்டில் எழுதிய தொகையைக் கட்டாமல் ஒருவர் தோட்டம் மாற முடியாது. அது 1921இற் சட்டத்தால் ஒழிக்கப்பட்டது. கொலைமுகாமின் இலக்கமும் கூலிக்கணக்கின் இலக்கமும் ஒன்றல்ல. ஒன்றெனக் கூறுவது இரண்டையும் அவமதிப்பதாகும். மனிதரை எண்ணிக்கையாக்கும் மனப்பாங்கு மட்டுமே இரண்டிடத்தும் பொதுவானது.

தோட்டத்துப் பேச்சுவழக்கில் இன்றும் வாழும் ஒரு சொல் இதைவிட நுட்பமானது. அங்கே 'பேர்' என்றால் ஒருநாட் கூலி. குறித்த நிறைக்குக் கொழுந்து எடுக்காவிடில் 'அரைப்பேர்' விழும். காலையிற் பெரட்டுக்களத்திற் கணக்கப்பிள்ளை அழைக்கும் பெயர், மாலையிற் செக்ரோலிற் பேராகப் பதிந்து, மாத முடிவிற் பணமாக எண்ணப்படும். அரைக்கூலிக்கு அரைப்பேர் என்று சொல்லும்போது மனிதரும் அரையாகிவிடுகின்றாரே என எவரும் நின்று நினைப்பதில்லை; வழக்காறு அவ்வளவு பழகிவிட்டது. பெயரே கூலியின் அலகாகிவிட்ட ஓரிடத்தில், ஒருவரின் பெயரைச் சொல்லுதலும் சொல்லாது விடுதலும் எளிய காரியங்களல்ல.

இதனை மனத்திற் கொண்டு ஜூலியா மார்கரெட் கமரனின் புகைப்படங்களை நோக்கலாம். 1815இற் கல்கத்தாவிற் பிறந்து, இங்கிலாந்திற் புகழ்பெற்ற இப்புகைப்படக் கலைஞர் 1875இல் இலங்கைக்கு வந்தார். அவருடைய கணவர் சார்ள்ஸ் ஹே கமரன், கோல்புறூக்–கமரன் ஆணைக்குழுவால் இலங்கை வரலாற்று மாணவர் யாவரும் அறிந்தவர். மலைநாட்டிற் கோப்பித் தோட்டங்களுக்கு உடைமையாளருமாவார். 1869இல் தோன்றிய இலைநோயாற் கோப்பி அழிந்துகொண்டிருந்த காலம் அது. அம்மையார் 1879 ஜனவரியில் டிக்கோயாப் பள்ளத்தாக்கிற் காலமானார். அவரது கல்லறை பொகவந்தலாவைத் தேவாலய வளவில் உள்ளது. ஹற்றன் வழியாகச் செல்லும் எத்தனையோ மாணவர் அவ்விடத்தைக் கடந்திருப்பர்.

இங்கிலாந்தில் அவருடைய கமராவின் முன் அமர்ந்தோர் டெனிசன், டார்வின், ஹெர்ஷல் முதலிய பெருமக்கள். வீட்டுப் பணிப்பெண்களும் அமர்ந்தனர். தேவமாதாவாகப் பலமுறை கோலங்கொண்ட மேரி ஹில்லியர் என்ற பணிப்பெண்ணின் பெயரைக் கலை வரலாறு அறியும். இலங்கையில் அவர் எடுத்தவற்றுள் எஞ்சியிருப்பன ஏறத்தாழ 30 படங்களே. அவற்றில் நிற்கும் உழைப்பாளரின் பெயர்கள் பதிவாகவில்லை. 1878இல் எடுத்த ஒரு படத்துக்குக் 'களுத்துறைக் குடியானவர் குழு' என்ற பொருளில் தலைப்பிட்டார். ஊர் உண்டு, தொழில் உண்டு, ஆள் இல்லை. அக்காலத்து ஈரக் கண்ணாடித் தகட்டு முறையில் ஒரு படத்துக்குச் சில நிமிடங்கள் அசையாது நிற்கவேண்டும். அந்த அசையாமையும் ஓர் உழைப்பே. அதற்கு எந்தச் செக்ரோலிற் பேர் விழுந்தது?

1877ஐ அண்டி அவரைக் களுத்துறையிற் சந்தித்த ஓவியர் மேரியன் நோர்த் தம் நினைவுக் குறிப்புகளில் ஒரு செய்தியைச் சொல்கின்றார். ஒருவருடைய முதுகின் அழகிற் கமரன் அம்மையார் மயங்கி, அவரைத் தோட்டக்காரராக வைத்திருக்குமாறு தம் மகனை வற்புறுத்தினாராம். வீட்டிலோ தோட்டம் இல்லை. அம்மனிதருக்குத் தோட்டவேலையும் தெரியாது. நோர்த் இதனை நகைச்சுவையாகவே எழுதினார். படிப்பவருக்கும் சிரிப்பு வரும். சிரித்து முடிந்தபின், முதுகு மட்டும் வரலாற்றில் நிலைத்து முகமும் பெயரும் போய்விட்டமை தெரியவரும். கமரன் அம்மையார் இரக்கமற்றவரல்லர். அப்படங்களில் ஏளனமும் இல்லை. ஆயினும் நிலவுடைமையாளரின் மனைவி 'சற்று நில்' என்று சொல்லும்போது 'மாட்டேன்' எனச் சொல்லும் வாய்ப்பு எதிரில் நின்றவருக்கு இருந்ததா என்பதை அன்பு தீர்மானிப்பதில்லை, நிலவுடைமையே தீர்மானிக்கின்றது. தர்னாவாவின் தயக்கமேனும் படத்தில் உண்டு. களுத்துறையிலும் டிக்கோயாவிலும் எவரேனும் தயங்கியிருந்தால் அத்தயக்கம் தகட்டில் ஏறவில்லை.

தேயிலைப் பெட்டிகளிற் கூடை சுமந்து புன்னகைக்கும் பெண்ணைப் பற்றி அதிகம் சொல்லவேண்டியதில்லை. அது விளம்பரம், கலையெனத் தன்னைச் சொல்லிக்கொள்வதுமில்லை. நுவரெலியா வீதியோரத்தில் உல்லாசப் பயணிக்குப் படமெடுக்க நின்று காசு கேட்கும் தொழிலாளிப் பெண்ணைப் பற்றியோ இகழ்ந்து பேசுவோர் உளர். தன்மானத்தை விற்கின்றாள் என்பர். அவள் தன் தோற்றத்துக்குத் தானே விலை சொல்கின்றாள்; வேண்டாமெனில் முகத்தைத் திருப்பிக் கொள்கின்றாள். கமரனின் படத்தில் நின்ற பாட்டிக்கு இந்த இரண்டும் இருந்ததாகத் தெரியவில்லை.

இனி எதிர்வாதம் ஒன்றைப் பார்க்கவேண்டும். துன்பப்பட்டவரே துன்பத்தைப் பேசலாம், பிறர் பேசலாகாது என்று விதித்தால் வழக்கு எளிதாக முடிந்துவிடும் போலத் தோன்றும். அவ்விதி நில்லாது. பாரதியார் பிஜித் தீவைக் கண்டவரல்லர். எனினும் அங்குள்ள கரும்புத் தோட்டத்துப் பெண்களுக்காக அவர் பாடியதைத் தமிழுலகம் மறுக்கவில்லை. அவர் எவரையும் நிறுத்திவைத்துப் பாடவில்லை. தம் குரலையும் தம் நடுக்கத்தையுமே செலவிட்டார். மறுபுறம், உள்ளிருந்து வருபவர் என்பதனாலேயே ஒருவரின் கலை குற்றமற்றதாகிவிடாது. தாயின் கைக்காய்ப்பை வரைந்து கொழும்புக் கூடமொன்றில் மாட்டும் மகளுக்கும், அத்தாய் அதனைப் பார்த்தாளா, பார்த்து என்ன சொன்னாள் என்ற கேள்வி உண்டு.

மலையகத்திற் பிறந்து யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்திற் சித்திரம் பயின்ற ஹனுஷா சோமசுந்தரத்தின் ஆக்கங்கள் இவ்விடத்துக் கருதற்பாலன. பயன்படுத்தி எறியப்பட்ட தேயிலைப் பைகளையும் தேநீரின் கறையையும் அவர் ஊடகமாகக் கொள்கின்றார். இத்தெரிவின் சிறப்பு யாதெனின், தொழிலாளரின் உடல் காட்சிக்கு வைக்கப்படவில்லை. அவ்வுடலின் உழைப்பைக் குடித்தவர் விட்டுச்சென்ற எச்சமே காட்சிக்கு வைக்கப்படுகின்றது. கூடத்தில் நிற்கும் பார்வையாளர் அதற்கு முன்னர் அருந்திய தேநீரும் அவ்வாக்கத்தின் ஒரு பகுதியாகிவிடுகின்றது. 80064இல் நோவு பாதிக்கப்பட்டவரின் தோலுக்குத் திரும்பியது. இங்கே கேள்வி அருந்தியவரின் கோப்பைக்குத் திரும்புகின்றது. ஊடகத்தைத் தெரிவதிலேயே ஒழுக்கம் தொடங்குகின்றது என்பதற்கு இதனைவிடத் தெளிவான எடுத்துக்காட்டு மலையகத்திற் கிடைத்தல் அரிது.

அப்படியெனில் நோவை மீண்டும் உடலிற் கொண்டுவருதல் எப்போதுமே தவறா? அன்று. 2023இல், மலையக மக்கள் இலங்கைக்கு வந்து 200 ஆண்டுகள் நிறைவுற்றதையொட்டி, ஜூலை 28 தொடக்கம் ஆகஸ்ட் 12 வரை தலைமன்னாரிலிருந்து மாத்தளை வரை ஒரு நடைபயணம் நிகழ்ந்தது. முன்னோர் நடந்த வழியில், பசியாலும் நோயாலும் எண்ணற்றோர் மடிந்த அவ்வழியில், பேரப்பிள்ளைகளின் பிள்ளைகள் வெயிலில் நடந்தனர். அது அரசியற் கோரிக்கையுடன் கூடிய நடை. கலைக்கூடம் எதுவும் அதனை ஆற்றுகை எனப் பட்டியலிடவில்லை. ஆயினும் பழைய காயத்தை உடலால் மீண்டும் செய்து பார்த்தல் என்ற அளவில் அது ஜ்மியெவ்ஸ்கியின் படத்துக்கு மிக நெருங்கியது. நடக்குமாறு பிறர் பணிக்கவில்லை. கால் நொந்தால் உட்காரலாம். ஏன் நடக்கின்றோம் என்பதை நடப்பவரே சொன்னார். 1948ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டம் நாடற்றவர் என்று எழுதி வைத்த மக்களின் வழித்தோன்றல்கள், இந்நாட்டின் வீதியில் முழு மனிதராக நடந்தனர். அப்படத்தில் திறவாத கதவு இங்கு திறந்ததா என்பதை நடந்தவர்களிடமே கேட்கவேண்டும்.

மாசி மாதத்துக் காமன் கூத்தும் அத்தகையதே. காமன் கம்பம் ஊன்றி, தப்பொலியுடன் பொட்டலில் விடிய விடிய நிகழும் அக்கூத்திற் சிவனின் கண்ணால் மன்மதன் எரிவதும் ரதி புலம்புவதும் உச்சமாகும். ரதியாக வேடம் புனையும் ஆண், பகலில் மலையிற் கவ்வாத்து வெட்டியவராகவும் இருப்பார். நேர்த்தி வைத்து ஆடுபவர் அவர். கூடி நிற்பவர் ரதிக்காக மட்டும் அழுவதில்லை. அவரவர் வீட்டு இழப்புக்கும் அப்புலம்பல் இடந்தருகின்றது. எவருடைய உண்மைத் துயரமும் பெயர் சுட்டி நடுவே நிறுத்தப்படாமலே எல்லோருடைய துயரமும் அங்கு அழப்படுகின்றது. சாம்பலான காமன் மூன்றாம் நாள் எழுப்பப்படுகின்றான் என்பதையும் மறத்தலாகாது. ரதியின் புலம்பலோடு மட்டும் ஊர் கலைந்து போவதில்லை.

இக்கூத்தைப் பதிவு செய்யச் செல்வோருள் பல்கலைக்கழக மாணவரும் விரிவுரையாளரும் முதன்மையானோர். ஆகவே இவ்வினா ஓவியக் கூடத்தோடு நின்றுவிடாமல் விரிவுரை மண்டபத்துக்கும் வருகின்றது. மாசியல்லாத மாதமொன்றில், பகல் வெளிச்சத்தில், கமராவுக்காக ரதி புலம்பலை மட்டும் ஒருமுறை பாடிக்காட்டுமாறு கேட்பது எளிது. 'நேர்த்தியில்லாமல் பாடக்கூடாது தம்பி' என அம்முதியவர் சொன்னால், மேற்கொண்டு என்ன செய்யப்படும்? முன்பு ஒப்புக்கொண்டீர்களே என்று நினைவூட்டப்படுமா? ஆய்வேட்டில் அம்மறுப்பு இடம்பெறுமா, அன்றி வேறொரு தோட்டத்தில் இணங்கிய வேறொருவரின் குரல் அவ்விடத்தை நிரப்பிவிடுமா?

பின்னிணைப்பில் 'தகவலாளர்: பெண், வயது 62, கொழுந்தெடுப்பவர்' என எழுதும் வழக்கமும் உண்டு. களுத்துறைக் குடியானவர் குழு என்ற தலைப்பிலிருந்து இது எவ்வளவு தூரம் விலகியுள்ளது? எல்லோருடைய பெயரையும் எழுதிவிட்டால் சரியாகிவிடும் என்பதுமன்று. நிருவாகத்தைப் பற்றி முறையிட்ட ஒருவரின் பெயரை அச்சிட்டால் மறுநாள் அவருக்கு அரைப்பேரும் இல்லாது போகலாம். பெயரை மறைத்தல் சிலவேளை காவல், சிலவேளை களவு. எது எப்போது என்பதை ஆய்வாளர் அறையிலிருந்து தீர்க்க இயலாது. லயத்து வாசலில், அப்பெண்ணின் வேலை முடிந்த பின்னர், 'உங்கள் பேரைப் போடலாமா அம்மா?' என்று கேட்டு, அவள் யோசித்து முடிக்கும்வரை காத்திருக்கவேண்டும்.